மலைத் தினையும் மல்லாட்டைப் பூரணமும்

கள்ளக்குறிச்சிப் பக்கத்தில் அறுவடை முடிந்ததும் மல்லாட்டை மூட்டைகள் லாரி ஏறுகின்றன. கல்வராயன் மலையிலிருந்து தினையும் சாமையும் மூட்டையாக இறங்குகின்றன. கரும்பு வண்டிகள் ஆலை வாசலில் வரிசையாக நிற்கின்றன. விளைந்தது எல்லாம் விளைந்தபடியே வெளியூர் போகிறது.

தீபாவளி நெருங்கும்போது வேறு லாரிகள் ஊருக்குள் வருகின்றன. பளபளக்கும் தாள் சுற்றிய இனிப்புப் பெட்டிகளைக் கடைக்குக் கடை இறக்கிவிட்டுப் போகின்றன. ஒரு பெட்டியைப் பிரித்துப் பார்த்தால் உள்ளே இருப்பது என்ன? கோதுமை மாவு, சர்க்கரை, வறுத்த கடலை, கொஞ்சம் கோக்கோ. கடலை பயிரிட்ட குடும்பமே, கடலை வைத்த பலகாரத்தைப் பல மடங்கு விலை கொடுத்து வாங்குகிறது.

மூட்டையாகப் போனது பொட்டலமாகத் திரும்பி வருகிறது. இடையில் கிடைக்க வேண்டிய கூலி எங்கே போயிற்று என்று கேட்பாரில்லை.

கேட்க வேண்டிய நேரம் வந்துவிட்டது. இதற்குப் பெரிய தொழிற்சாலை வந்தால்தான் விடிவு என்று காத்திருக்க வேண்டியதில்லை. விடையில் ஒரு பங்கு வீட்டு அடுப்பிலேயே இருக்கிறது. சாக்லெட்டும் கடலையும் பூரணமாக வைத்து, எண்ணெயில் பொரிக்காமல் அனலில் சுட்டு எடுக்கும் இனிப்பை இன்று பட்டணத்துப் பெண்கள் பலர் வீட்டிலேயே செய்கிறார்கள். அதைக் கற்றுக்கொள்வது கள்ளக்குறிச்சி மாவட்டத்துக்கு வெறும் நாகரிகம் அல்ல. அது பிழைப்புக்கு ஒரு வழி.

சோமாசியின் உறவினர்

சாக்லெட் பூரணம் என்றதும் சிலர் முகம் சுளிக்கக்கூடும். "தேங்காயும் பொட்டுக்கடலையும் இருக்க, இது எதற்கு?" என்பார்கள். கேள்வி நியாயமானது. ஆனால் பலகாரத்தின் உருவத்தைப் பார்த்தால் அது அந்நியம் இல்லை என்பது தெரியும்.

சோமாசியை அறியாத தமிழ் வீடு ஏது? மாவை மெல்லியதாகத் தேய்த்து, பூரணத்தை நடுவில் வைத்து, அரை வட்டமாக மடித்து, ஓரத்தைச் சோமாசிக் கரண்டியால் வெட்டுவார்கள். ஆந்திரத்தில் இதற்குக் கஜ்ஜிக்காயலு என்று பெயர். கன்னட நாட்டில் கர்ஜிக்காயி. மராட்டியத்தில் கரஞ்சி. வடக்கே குஜியா, ஹோலிப் பண்டிகைக்கு அது இல்லாமல் தீராது.

கடல் கடந்தாலும் கதை அதேதான். துருக்கியில் தாள் போன்ற மாவு அடுக்குகளுக்கு இடையே கொட்டைப் பருப்பைப் பொடித்துத் தூவிச் சுட்டு, பாகு ஊற்றி, பக்லாவா என்கிறார்கள். கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் வீடுகளில் பருப்பும் பழப்பாகும் வைத்துப் பிறை போலச் சுருட்டிச் சுட்ட பண்டத்துக்கு ருகெலாக் என்று பெயர். பின்னாளில் அதன் பூரணத்தில் சாக்லெட்டும் சேர்ந்தது. எல்லாம் ஒரே எண்ணம்தான்: வெளியே மாவு, உள்ளே இனிப்பு.

வேற்றுமை அடுப்பில்தான் இருக்கிறது. இங்கே எண்ணெய்ச் சட்டி. அங்கே ரொட்டி அடுப்பு. அந்த அடுப்பும் பழைய நாளில் வீட்டுக்கு வீடு இருந்ததில்லை. ஐரோப்பியக் கிராமங்கள் பலவற்றில் ஊருக்குப் பொதுவாக ஓர் அடுப்பு இருந்தது. பெண்கள் வீட்டில் பிசைந்த மாவை அங்கே எடுத்துச் சென்று சுட்டு வந்தார்கள். இந்தச் செய்தியை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது. பின்னால் பயன்படும்.

மல்லாட்டை வந்த வழி

சாக்லெட் வெளிநாட்டுச் சரக்கு என்பது உண்மை. கோக்கோ மரத்தின் பிறப்பிடம் தென் அமெரிக்கா. மெக்சிகோவில் அதன் கொட்டையை அரைத்துக் கசப்புப் பானமாகக் குடித்தார்கள். கடித்துத் தின்னும் சாக்லெட் கட்டி 1847-ல்தான் இங்கிலாந்தில் ஃபிரை கம்பெனியாரால் செய்யப்பட்டது.

ஆனால் வேர்க்கடலை மட்டும் உள்நாட்டுச் சரக்கா? அதுவும் தென் அமெரிக்காவில் பிறந்ததே. மணிலாவின் பெயரைத் தாங்கி வந்ததால் அதற்கு மணிலாக் கொட்டை என்று பெயர் வந்தது. தென்னாற்காட்டுச் சீமை மக்களின் நாவில் அது மல்லாக்கொட்டை ஆகி, மல்லாட்டை ஆகிவிட்டது. இன்று கள்ளக்குறிச்சியில் மல்லாட்டையை யாரும் வெளிநாட்டுப் பண்டம் என்று சொல்வதில்லை. மிளகாயும் இப்படி வந்ததுதான். மண் ஏற்றுக்கொண்டது; வயிறும் ஏற்றுக்கொண்டது.

கோக்கோவும் இப்போது அந்நியம் இல்லை. பொள்ளாச்சிப் பக்கத்துத் தென்னந்தோப்புகளில் ஊடுபயிராக விளைகிறது. கேரளத்திலும், ஆந்திரத்திலும், கர்நாடகத்திலும் விளைகிறது. ஒரே கண்டத்தில் பிறந்த கடலையும் கோக்கோவும் தமிழ்நாட்டுச் சோமாசிக்குள் சந்தித்தால் அதில் குற்றம் ஒன்றும் இல்லை.

வீட்டில் செய்யும் விதம்

முறை கடினமானது அல்ல. கோதுமை மாவோ மைதாவோ 200 கிராம், வறுத்து அரைத்த தினை மாவு 50 கிராம், வெண்ணெய் 125 கிராம், ஒரு சிட்டிகை உப்பு, இரண்டு கரண்டி பொடித்த சர்க்கரை. வெண்ணெய் குளிர்ந்து கட்டியாக இருக்க வேண்டும். அதை மாவில் விரல் நுனியால் உதிர்த்து, ரொட்டித் தூள் போல ஆனதும், நாலைந்து கரண்டி கெட்டித் தயிர் சேர்த்துத் திரட்ட வேண்டும். போதாவிட்டால் குளிர்ந்த தண்ணீர் சிறிது தெளிக்கலாம். சப்பாத்திக்குப் பிசைவது போல அடித்துப் பிசையக் கூடாது. பிசைந்தால் மாவு இழுபட்டு, வெந்தபின் தோல் போலாகிவிடும். உருட்டிய மாவை மூடி அரை மணி நேரம் குளிர்ச்சியில் வைக்க வேண்டும்.

தினை மாவை நாலில் ஒரு பங்கு, ஐந்தில் ஒரு பங்கு என்ற அளவுக்கு மேல் சேர்ப்பது தவறு. கோதுமையில் உள்ள பசைச் சத்து தினையில் இல்லை. அளவு மிஞ்சினால் மடிக்கும்போதே விரிசல் விடும்.

பூரணத்துக்கு 100 கிராம் மல்லாட்டையை வறுத்து, தோல் நீக்கி, கரகரப்பாகப் பொடிக்க வேண்டும். நன்கு உலர்ந்த நாட்டுச் சர்க்கரை 75 கிராம், பொடியாக நறுக்கிய கறுப்புச் சாக்லெட் 75 கிராம், இரண்டு கரண்டி வறுத்த தினை மாவு, ஏலப்பொடி சிறிது. சாக்லெட்டை உருக்கி ஊற்றினால் ஓரம் ஒட்டாது. நறுக்கித்தான் போட வேண்டும். வெல்லம் ஈரமாக இருந்தால் பாகாகி வழிந்து தட்டில் கருகும். அந்த ஈரத்தை இழுக்கவே வறுத்த மாவு.

மாவைத் தேய்த்து, வட்டமாக வெட்டி, ஒரு சிறு கரண்டிப் பூரணம் வைத்து, ஓரத்தில் தண்ணீர் தொட்டு மடித்து அழுத்த வேண்டும். ஆவி வெளியேற மேலே ஊசியால் ஒரு துளை இட வேண்டும். ஓவன் உள்ள வீட்டில் 180 டிகிரியில் இருபது முதல் இருபத்தைந்து நிமிடம் போதும். பல வீடுகளில் உள்ள சாதாரண மைக்ரோவேவ் அடுப்பு இதற்கு உதவாது. அது சூடாக்கும், பொன்னிறமாகச் சுடாது.

ஓவன் இல்லாத வீடும் கவலைப்பட வேண்டியதில்லை. கனமான பழைய பாத்திரத்தின் அடியில் மணலோ கல்லுப்போ பரப்பி, அதன்மேல் ஒரு வளையம் வைத்து, மூடிப் பத்து நிமிடம் காயவிட வேண்டும். பிறகு தட்டை உள்ளே வைத்து மூடி, மிதமான தீயில் முப்பது முதல் முப்பத்தைந்து நிமிடம். குக்கரில் செய்பவர்கள் ரப்பர் வளையத்தையும் மேல் குண்டையும் எடுத்துவிட வேண்டும். ஆறிய பிறகு காற்றுப் புகாத டப்பாவில் வைத்தால் நாலைந்து நாள் கெடாது. மலைத்தேன் கிடைத்தால் சுடச்சுட மேலே தடவிப் பார்க்கலாம். ருசி தனி.

ஒன்றை ஒளிக்காமல் சொல்லிவிட வேண்டும். எண்ணெயில் பொரிக்கவில்லை என்பதால் இது பத்தியச் சாப்பாடு ஆகிவிடாது. வெண்ணெயும் சர்க்கரையும் இதில் உண்டு. பண்டிகைக்கும் விருந்துக்கும் உரிய பண்டம் இது. ஆனால் மறுபடி மறுபடி காய்ச்சிய எண்ணெய் இதில் இல்லை. என்ன போட்டோம் என்பது செய்தவளுக்குத் தெரியும்.

ஏமாறக் கூடாத இரண்டு இடம்

முதலாவது சாக்லெட். உண்மையான சாக்லெட்டில் கோக்கோ வெண்ணெய் இருக்கும். அது உடல் சூட்டிலேயே உருகிவிடும் தன்மை உடையது. வாயில் போட்டதும் கரைவதற்குக் காரணம் அதுதான். சித்திரை வெயிலில் கடைப் பலகையிலேயே இளகிவிடுவதற்கும் காரணம் அதுதான். கடைகளில் மலிவாகக் கிடைக்கும் "காம்பவுண்டு" கட்டிகளில் கோக்கோ வெண்ணெய்க்குப் பதில் வேறு தாவரக் கொழுப்பு சேர்கிறது. விலை குறைவு, உருகாமல் நிற்கும். நிறத்தைப் பார்த்து இரண்டும் ஒன்று என்று நம்பி வாங்குவோர் பலர். உறையின் பின்புறத்தைப் படித்துவிட்டு வாங்குவது நல்லது.

இரண்டாவது கடலை. 1960-ம் ஆண்டு இங்கிலாந்தில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட வான்கோழிகள் மடிந்து விழுந்தன. காரணம் தெரியாமல் எல்லாரும் திகைத்தார்கள். தீவனத்தில் கலந்த வேர்க்கடலைப் பிண்ணாக்கில் பூஞ்சணம் பிடித்திருந்ததும், அந்தப் பூஞ்சணம் ஒரு கொடிய நஞ்சைச் சுரந்திருந்ததும் பின்னர் தெரிந்தது. அதற்கு அஃப்லாடாக்சின் என்று பெயர் வைத்தார்கள். அது கல்லீரலைக் கெடுக்கும். வறுத்தாலும் முழுவதும் அழியாது. ஆகவே சுருங்கிய கடலை, நிறம் மாறிய கடலை, பூஞ்சணம் பூத்த கடலை எதையும் "பொடித்தால் தெரியாது" என்று பூரணத்தில் சேர்க்கக் கூடாது. காயவைக்கும் களத்திலேயே, ஈரம் நீங்கும் வரை உலர்த்தி எடுப்பதே முதல் காவல்.

வீட்டுக்குச் செய்தாலும் விற்பதற்குச் செய்தாலும் இந்த இரண்டு இடத்திலும் கண் வேண்டும். விற்பவர்களுக்கு இன்னொரு கடமையும் உண்டு. வேர்க்கடலை சிலருக்கு ஒவ்வாது. உயிருக்கே ஆபத்தாவதும் உண்டு. பொட்டலத்தின் மேல் கடலை சேர்ந்திருப்பதைத் தெளிவாக எழுத வேண்டும்.

மலையின் நிலை

இனி, இந்தப் பலகாரத்துக்கும் மலைக்கும் உள்ள தொடர்பைப் பார்க்க வேண்டும்.

கல்வராயன் மலையில் வாழும் பழங்குடியினருக்கு மலையாளிகள் என்று பெயர். மலைவாசிகள் என்பதே அதன் பொருள். பேசுவது தமிழ். 1976 வரை அவர்கள் மூன்று ஜாகீர்தார்களின் பிடியில் இருந்தார்கள். நாடு சுதந்திரம் அடைந்து ஏறக்குறைய முப்பது ஆண்டு கழித்தே அந்தப் பிடி தளர்ந்தது. தினை, சாமை, மரவள்ளி, தேன், கடுக்காய், புளி ஆகியவை அவர்கள் கீழே கொண்டுவரும் பொருள்கள். கொண்டுவரும் வழி கடினம்; விலை சொல்வது வாங்குபவர்.

2024 ஜூன் மாதம் கள்ளக்குறிச்சி நகரில் மெத்தனால் கலந்த சாராயத்தைக் குடித்து அறுபதுக்கும் மேற்பட்டவர்கள் மாண்டார்கள். ஒரே தெருவில் பல வீடுகளில் ஒப்பாரி கேட்டது. அந்த உயிர்களைப் பறித்தது தொழிற்சாலைகளில் புழங்கும் நஞ்சு. மலை மக்களின் தினையும் தேனும் அல்ல. ஆயினும் அந்தத் துயரத்துக்குப் பின் எல்லார் பார்வையும் கல்வராயன் மலை மீது விழுந்தது. மலை மக்களின் வாழ்க்கை நிலை பற்றிச் சென்னை உயர் நீதிமன்றம் 2024 ஜூலையில் தானாகவே முன்வந்து வழக்கை எடுத்துக்கொண்டது. சாலை வசதி முதலான அடிப்படைக் குறைகள் அங்கே பேசப்பட்டன.

மலையில் சாராய ஊறல் அழிக்கப்பட்டது, வெல்ல மூட்டைகள் பிடிபட்டன என்ற செய்திகள் பல ஆண்டுகளாகவே பத்திரிகைகளில் வந்துகொண்டிருந்தன. ஊறலுக்கு வேண்டியது வெல்லம். பூரணத்துக்கு வேண்டியதும் வெல்லம். ஒரு பலகாரம் வந்தால் கள்ளச்சாராயம் ஒழிந்துவிடும் என்று யாரும் சொல்லமாட்டார்கள். ஆனால் நேர்மையான வருமானத்துக்கு வழி குறுகிய இடத்தில்தான் மற்ற வழிகள் அகலமாகின்றன. போலீஸ் காவல் ஒரு பக்கம் இருக்கட்டும். வெல்லத்துக்கும் தினைக்கும் நல்ல விலை கிடைக்கும் வழியை மறுபக்கம் திறக்க வேண்டாமா?

செய்து காட்டியவர்கள்

இது நடக்கக்கூடியதா என்று ஐயப்படுவோருக்கு இரண்டு உதாரணம் போதும்.

1959-ல் பம்பாயில் ஏழு பெண்கள் 80 ரூபாய் கடன் வாங்கி, வீட்டு மாடியில் அப்பளம் இட்டு உலர்த்தினார்கள். அதுதான் லிஜ்ஜத் என்ற பெயரில் நாடெங்கும் பரவிய மகளிர் நிறுவனம். மாவை நிறுவனம் கொடுக்கும். பெண்கள் வீட்டில் தேய்த்துக் கொண்டுவருவார்கள். தரத்தில் விட்டுக்கொடுப்பதில்லை.

கர்நாடக, கேரள விவசாயிகள் கோக்கோ பயிரிட்டு, வாங்குவார் இல்லாமல் தவித்த காலம் ஒன்று உண்டு. 1973-ல் மங்களூரில் பாக்கு விவசாயிகளுக்காகத் தொடங்கிய காம்ப்கோ கூட்டுறவு அப்போது கோக்கோக் கொள்முதலில் இறங்கியது. அதோடு நிற்கவில்லை. 1986-ல் புத்தூரில் சொந்தமாகச் சாக்லெட் தொழிற்சாலையே கட்டிவிட்டது. விளைவித்தவர்களே பொட்டலமும் கட்டினார்கள்.

கள்ளக்குறிச்சிக்குக் கூட்டுறவு புதிது அல்ல. மூங்கில்துறைப்பட்டிலும் கச்சிராயபாளையத்திலும் கூட்டுறவுச் சர்க்கரை ஆலைகள் உள்ளன. 1989-ல் தர்மபுரியில் தொடங்கிய மகளிர் சுய உதவிக் குழு இயக்கம் இன்று தமிழ்நாட்டின் எல்லா மூலைகளுக்கும் வந்துவிட்டது. கரும்பு இருக்கிறது. கடலை இருக்கிறது. தினை இருக்கிறது. கைகளும் இருக்கின்றன. இல்லாதது அடுப்பும் பயிற்சியும் சந்தையும்.

ஊருக்கு ஓர் அடுப்பு

ஆகவே மூன்று காரியங்கள் நடக்க வேண்டும்.

முதலில், மகளிர் குழுக்கள் சேர்ந்து பயன்படுத்தப் பொது ஓவன் வேண்டும். ஐரோப்பியக் கிராமத்தின் பொது அடுப்பு இங்கேயும் ஏன் வரக்கூடாது? கள்ளக்குறிச்சி, சின்னசேலம், சங்கராபுரம், மலைமேல் வெள்ளிமலை என்று இடத்துக்கு ஒன்று வைத்தால், வீட்டில் மடித்த சோமாசியை அங்கே சுட்டு எடுக்கலாம். மின்சாரச் செலவும் பகிர்ந்துகொள்ளப்படும்.

அடுத்து, பயிற்சி. மாவு பிசைவது மட்டும் பயிற்சி ஆகாது. கடலையைத் தரம் பிரிப்பது, உறையில் பொருள்களின் பெயரும் செய்த தேதியும் அச்சிடுவது, கணக்கு எழுதுவது எல்லாம் சேர்ந்ததே பயிற்சி. 2006-ம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி வீட்டிலிருந்து விற்பவரும் பதிவு செய்துகொள்ள வேண்டும். அந்தப் பதிவுக்கு மலைப் பெண்களை மாவட்டத் தலைநகருக்கு அலையவிடாமல், அதிகாரிகளே மலைக்குப் போய்ச் செய்து தருவது முறை.

மூன்றாவது, சந்தை. 2023-ம் ஆண்டை ஐக்கிய நாடுகள் சபை சிறுதானிய ஆண்டாகக் கொண்டாடியது. விழாக்கள் நடந்தன, கண்காட்சிகள் நடந்தன. கொண்டாட்டம் முடிந்தபின் தினை பயிரிட்டவர் கையில் என்ன மிஞ்சியது என்பதே கேள்வி. அரசு அலுவலகக் கூட்டங்களில் தேநீருடன் வைக்கும் இனிப்பை, மாவட்டத்து மகளிர் குழுக்களிடம் வாங்கினாலே ஒரு நிலையான சந்தை பிறந்துவிடும். பஸ் நிலையத்தில் ஒரு கடைக்கு இடம் கொடுத்தால், மலைக்குச் சுற்றுலா வருவோரும் வாங்குவார்கள்.

2019 நவம்பரில் விழுப்புரத்திலிருந்து பிரிந்து கள்ளக்குறிச்சி தனி மாவட்டம் ஆயிற்று. ஆட்சியர் அலுவலகம் வந்தது. எல்லைக் கோடு வந்தது. ஒரு மாவட்டத்துக்கு நல்ல பெயர் வாங்கித் தருவது அதன் மக்கள் செய்யும் பொருள்தான். பண்ணுருட்டி என்றால் பலாவும், மணப்பாறை என்றால் முறுக்கும், கோவில்பட்டி என்றால் கடலைமிட்டாயும் நினைவுக்கு வருகின்றன. கள்ளக்குறிச்சி என்றதும் 2024-ன் சாவுகள் மட்டும் நினைவுக்கு வரும்படி விட்டுவிடலாகாது.

வரும் தீபாவளிக்குக் கள்ளக்குறிச்சிக் கடைகளில் வெளியூர்ப் பெட்டிகள் வழக்கம்போல அடுக்கப்படும். அவற்றின் பக்கத்தில், மலைத் தினையும் மல்லாட்டையும் சேர்ந்த சோமாசிப் பொட்டலம் ஒன்றும் இருக்கட்டும். அதன்மேல் செய்த ஊரின் பெயர் அச்சாகியிருக்கட்டும்.